ஐந்தாவது வரி

நான் படித்தது ஐந்தாம் வகுப்பு வரை. தேயிலைத் தோட்டப் பள்ளிக்கூடத்தில் அதற்கு மேல் வகுப்பு இல்லை. ஆறாம் வகுப்புக்கு வத்தேகமைக்கு அனுப்புவதாக அப்பா சொல்லிக்கொண்டிருந்த வருடம் கலவரம் வந்தது. வரிசை வீடுகளாகக் கட்டிய எங்கள் லயத்தின் கடைசி நான்கு வீடுகளுக்குத் தீ வைத்தார்கள். மூன்று நாள் தேயிலைக்குள் இருந்துவிட்டுத் திரும்பி வந்தபோது, என் புத்தகங்களை வைத்திருந்த தகரப்பெட்டி கூட இல்லை. அதற்குப் பிறகு பள்ளிக்கூடத்தைப் பற்றி வீட்டில் யாரும் பேசவில்லை. நானும் கேட்கவில்லை. கேட்பது எனக்கு எப்போதுமே வராது.

பிறகு கண்டியில் ஒரு வானொலி திருத்தும் கடையில் வேலைக்குச் சேர்ந்தேன். கொழும்பு வீதியில் ஒரு புடவைக்கடைக்கு மேலே, மரப்படி ஏறிப் போகவேண்டும். முதலாளி முஸ்லிம், எல்லோரும் அவரை நானா, அதாவது அண்ணன், என்றுதான் கூப்பிடுவார்கள், நானும் அப்படித்தான். ஈயம் வைப்பது, கம்பி சுற்றுவது எல்லாம் அங்கே கைக்கு வந்தது. சனங்கள் வானொலி திருத்துவதை விட்டபோது நானா கடையைக் கொம்பியூட்டர் கடையாக மாற்றினார். அவருடைய மச்சான் ஒருவர் அந்த வேலையைச் செய்தார். அவர் கட்டாருக்குப் போகும்வரை நான் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் என்னென்ன அழுத்துகிறார், எத்தனை தரம் அழுத்துகிறார் என்பதை ஓர் அப்பியாசக் கொப்பியில் தமிழ் எழுத்திலேயே எழுதி வைத்தேன். எஃப்டிஸ்க், என்டர். வை, என்டர். மூன்று, என்டர். ஒன்று, என்டர். இப்படி. அவர் போன பிறகு அந்தக் கொப்பிதான் கடையை நடத்தியது.

நான் வாடிக்கையாளர்களோடு பேசமாட்டேன். கடையின் பின்பக்கம் ஹாட்போட் பலகையால் மறைத்த சின்ன இடத்தில் என் மேசை. வருகிறவர்கள் நானாவிடம் பேசுவார்கள், நான் பலகைக்குப் பின்னால் கேட்டுக்கொண்டிருப்பேன். கைவேலைக்காரரைக் கூப்பிடுவதுபோல பாஸ் என்று கூப்பிட்டு நானா என்னைக் கேலி செய்வார்.

"எங்கட பாஸுக்கு வாயில பூட்டு போட்டீக்கி. தொறப்பு கட்டாருக்குப் பெய்த்து."

பூட்டின் சாவி மச்சானோடு கட்டாருக்குப் போய்விட்டதாம். வருகிறவர்கள் சிரிப்பார்கள். எனக்கும் சிரிப்பு வரும். நான் ஓர் ஆணியைத் தேடுவதுபோலக் குனிந்துகொள்வேன்.

அந்த வேலையைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும். இப்போது எல்லாம் தானாக நடக்கிறது. அப்போது ஒரு கொம்பியூட்டருக்குப் புதிதாக சிஸ்டம் போடுவதென்றால் முதலில் டிஸ்க்கைத் தயார் செய்யவேண்டும். வயல் உழுவதற்கு முன் வரம்பு கட்டுவதுபோல, டிஸ்க்கில் எது முதல், எது எல்லை என்று வகுத்துக் கொடுக்கவேண்டும். படமும் இல்லை, சுட்டியும் இல்லை. ஒரு பிளொப்பியைப் போட்டுத் திறந்தால் கறுப்புத் திரை, அதில் ஓர் எழுத்து, பக்கத்தில் துடிக்கும் சின்னக் கோடு. நாம் சொன்னால் செய்யும், சொல்லாவிட்டால் துடித்துக்கொண்டே இருக்கும். எஃப்டிஸ்க் என்று அடித்தால் நான்கு வரி வரும். ஒன்று, புதிதாக வகுக்க. இரண்டு, வகுத்ததை உயிர்ப்பிக்க. மூன்று, அழிக்க. நான்கு, பார்க்க. அந்த நான்கு வரிகளையும் நான் வாசித்ததில்லை. எங்கே எந்த வரி இருக்கும் என்று கண்ணுக்குத் தெரியும், அவ்வளவுதான்.

எங்களுக்கு வரும் டிஸ்க்குகளில் பெரும்பாலானவை வெளிநாட்டில் பாவித்துக் கழித்தவை. பெட்டி பெட்டியாகக் கொழும்புக்கு வரும், அங்கிருந்து நானா வாங்கி வருவார். அவற்றில் யாரோ எங்கோ வகுத்த வகுப்புகள் இருக்கும். அதனால் எங்கள் வேலை எப்போதும் அழிப்பதில்தான் தொடங்கும். மூன்று என்று அடித்தால் அது லேசில் அழிக்காது. அந்த டிஸ்க்குக்கு முன்னே இருந்தவர் வைத்த பெயரைத் திரையின் மேல்பக்கம் காட்டி, அதே பெயரை அப்படியே அடிக்கச் சொல்லும். ஓர் எழுத்துப் பிழைத்தாலும் அழிக்காது. பெயர் சரியாக இருந்தால், நிச்சயம்தானா என்று இன்னொரு தரம் கேட்கும். ஆம் என்பதற்கு வை என்ற இங்கிலிஷ் எழுத்தை அடித்தால் எல்லாம் போய்விடும்.

யாரோ ஒரு வெளிநாட்டு அலுவலகத்தின் பெயராக இருக்கும், ஒரு பெண்ணின் பெயராகவும் இருக்கலாம். எனக்குத் தெரியாது. இங்கிலிஷ் எழுத்துகள் இருபத்தாறையும் எனக்குத் தெரியும், சேர்த்து வாசிக்க வராது. மேலே பார்த்து ஓர் எழுத்து, கீழே ஓர் எழுத்து என்று பார்த்து எழுதுவேன். ஒரு நாளைக்கு ஐந்தாறு பெயர்களை இப்படி அடித்திருக்கிறேன். எல்லாம் முடிந்த பிறகு, புது டிஸ்க்குக்கு என்ன பெயர் வைக்கப் போகிறாய் என்று அது கேட்கும். நான் வெறும் என்டரை அழுத்துவேன். எங்கள் கடையிலிருந்து போன டிஸ்க் ஒன்றுக்கும் பெயர் இருக்கவில்லை.

ஒரு நாள் காலையில் ஒரு வயதானவர் ஒரு கொம்பியூட்டரைப் படுக்கை விரிப்பில் சுற்றி முச்சக்கர வண்டியில் கொண்டுவந்தார். யாழ்ப்பாணத்துக்காரர், கண்டியில் அரசாங்க உத்தியோகம் பார்த்து ஓய்வு பெற்றவர், கடுகஸ்தோட்டைப் பக்கம் வீடு. மரப்படியில் அவரே தூக்கிக்கொண்டு ஏறினார். நானா ஓடிப்போய் வாங்கப் பார்த்தார், அவர் கொடுக்கவில்லை.

"இது என்ர மகன்ர கொம்பியூட்டர்," என்றார். "அவன் பேராதனையில இஞ்சினியரிங் படிச்சவன். கொழும்புக்கு ஒரு நேர்முகத்துக்குப் போய் லொட்ஜில நிண்டவன். பொலிசில இருந்து வந்து, விசாரிச்சுப் போட்டு விடுறம் எண்டு கூட்டிக்கொண்டு போனவங்கள். ரெண்டு வருசமாகுது, ஆள் வரேல்லை."

நானா கதிரையை இழுத்துப் போட்டார்.

கொம்பியூட்டர் திறப்பதற்கு அரை மணித்தியாலம் எடுக்கிறது, சிலநேரம் பாதியில் நின்றுவிடுகிறது என்றார். டிஸ்க் சாகப்போகிறதோ என்று அவருக்குப் பயம். புது டிஸ்க் ஒன்று போட்டு, அதில் சிஸ்டம் போட்டு, பழையதில் இருப்பதைப் புதியதுக்கு மாற்றித் தரவேண்டும். அதுவரை பழையதில் ஒன்றையும் தொடவேண்டாம்.

"படங்கள் இருக்குது. அதைவிட, அவன்ர குரல் இருக்குது தம்பி. கடைசி வருசம் ப்ரொஜெக்ட் பற்றிப் பேசவேணும் எண்டு முதல்நாள் மைக்கில சொல்லிப் பாத்தவன். ஆறு நிமிசம். எல்லாம் இங்கிலிசு. அவவுக்கு, என்ர மனிசிக்கு, ஒரு சொல்லும் விளங்காது. ஆனா ஒவ்வொரு நாளும் பின்னேரம் போட்டுக் கேக்கிறவ. தட்டுத்தடுமாறிச் சொல்லுவான், இடையில சிரிப்பான், இருமுவான். அதுதான் அவவுக்கு வேணும்."

"இன்னொண்டுல ஒரு கொப்பி எடுத்து வெக்கல்லயா ஐயா?" என்று நானா கேட்டார்.

"எனக்கு அது தெரியாது. ஆரிட்டயும் குடுக்கவும் பயம்." பிறகு பலகையின் பக்கம் பார்த்துக் கேட்டார். "வேலை செய்யிறவர் நல்லவரோ?"

"அவர் பேசமாட்டார். கைதான் பேசும். ஒண்டுக்கும் பயப்படாதீங்க."

நான் பலகைக்குப் பின்னால் நின்று இதையெல்லாம் கேட்டேன். வெளியே வந்து ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். வரவில்லை.

அன்று மத்தியானம் சாப்பிட்டுவிட்டு அந்தக் கொம்பியூட்டரின் மூடியைத் திறந்தேன். பையன் தானே பாகங்களைச் சேர்த்துப் பூட்டியது என்று பார்த்தவுடன் தெரிந்தது. கம்பிகளை நூலால் அழகாகக் கட்டியிருந்தான். பழைய டிஸ்க்கைச் சோதித்துப் பார்த்தேன். அதில் ஒரு குறையும் இல்லை. சிஸ்டம்தான் கெட்டிருந்தது. கீழ்த்தட்டில் எங்கள் பெட்டியிலிருந்த ஒன்றைப் புது டிஸ்க்காகப் பூட்டி, இரண்டும் தெரிகிறதா என்று ஒருமுறை திறந்து பார்த்தேன். தெரிந்தது. நிறுத்தினேன். என் வழக்கம் எப்போதும் ஒன்றுதான்: வாடிக்கையாளரின் பழைய டிஸ்க்கைக் கழற்றி மேசையில் ஒரு பத்திரிகைத் தாளின்மேல் வைத்துவிட்டுத்தான் கறுப்புத் திரைக்குப் போவேன். அழிக்கும் வேலை நடக்கும்போது அழியக்கூடாதது இயந்திரத்துக்குள் இருக்கவே கூடாது. அன்றும் தாளை விரித்தேன். ஆணி கழற்றும் திருப்புளியைக் கையில் எடுத்தேன்.

அப்போது படியில் சப்பாத்துச் சத்தம் கேட்டது.

கீழே வீதியைச் சுற்றிவளைத்திருந்தார்கள். சண்டை நடந்த அந்த வருடங்களில் அது புதிதல்ல. ஏறி வந்த பொலிஸ்காரர் சிங்களத்தில் அடையாள அட்டையைக் கேட்டார். என்னுடையதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். தோட்டத்து முகவரி, தமிழ்ப் பெயர்.

"மெயா அபே கெனெக், மாத்தயா," என்று நானா கும்பிடாத குறையாகச் சொன்னார். இவர் எங்கள் ஆள் என்று. பொலிஸ்காரர் கேட்கவில்லை. என்னைக் கீழே கூட்டிக்கொண்டு போய்ச் சுவரோரம் நிற்கவைத்தார். ஏற்கெனவே இருபது பேர் அளவில் நின்றார்கள். வெயில். அட்டைகளை வாங்கிக்கொண்டு போய் ஒரு ஜீப்பில் வைத்துப் பார்த்தார்கள். ஒவ்வொருவராகப் பெயரைக் கேட்டார்கள், எங்கே போகிறாய் என்று கேட்டார்கள், யார் வீட்டில் இருக்கிறாய் என்று கேட்டார்கள்.

எனக்கு முன்னால் நின்றவருக்கு என் வயதுதான் இருக்கும். கையில் பத்திரிகையில் சுற்றிய ஓர் இறாத்தல் பாண் ரொட்டி வைத்திருந்தார். அவருடைய அட்டையில் ஏதோ சரியில்லை போல. ஜீப்பில் ஏறச் சொன்னார்கள். அவர் அந்தப் பாணை என்ன செய்வதென்று தெரியாமல் திரும்பி என்னிடம் நீட்டினார். "வீடு மஹியாவையிலங்க, இத மட்டும்..." என்றார். நான் கையை நீட்டவில்லை. நீட்டினால் அவருக்குத் தெரிந்தவன் என்று என்னையும் ஏற்றிவிடுவார்கள் என்று பயம். அவர் பாணோடே ஏறினார்.

ஒன்றரை மணித்தியாலம் கழித்து என் அட்டையைத் தந்தார்கள்.

மேலே வந்ததும் நானா பிளேன்டீ ஊற்றித் தந்தார். பாதி கோப்பை மேசையில் சிந்தியது. "வீட்ட போங்க தம்பி, நாளைக்குப் பாப்பம்," என்றார். நான் தலையாட்டிவிட்டு மேசைக்குப் போனேன். வீட்டுக்குப் போவதென்றால் மறுபடியும் வீதியில் இறங்கவேண்டும், பஸ் நிலையம் வரை நடக்கவேண்டும். அதைவிடக் கொம்பியூட்டருக்கு முன்னால் இருப்பது நல்லது என்று தோன்றியது. தெரிந்த விசைகளைத் தெரிந்த வரிசையில் அழுத்தினால் கை நடுக்கம் நிற்கும் என்று எனக்குத் தெரியும். அதற்கு முன்பும் அப்படி நின்றிருக்கிறது.

பிளொப்பியைப் போட்டுத் திறந்தேன். எஃப்டிஸ்க், என்டர். வை, என்டர். மூன்று, என்டர். மேலே ஒரு பெயர் காட்டியது. ஒன்பது எழுத்து. வழக்கம்போல மேலே ஒன்று பார்த்து, கீழே ஒன்று அடித்தேன். நிச்சயம்தானா என்று கேட்டது. வை. பிறகு ஒன்றை அழுத்திப் புதிதாக வகுத்து, நிறுத்தித் திறந்து, ஃபோமற் கொடுத்தேன். நூற்றுக்கு இத்தனை என்று எண்கள் ஏறத் தொடங்கின. அதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். அறுபது, எழுபது. கை நடுக்கம் நின்றுவிட்டது. நூறானதும் பெயர் கேட்டது, என்டரை அழுத்தினேன். சீடியைப் போட்டு சிஸ்டத்தை ஏற்றத் தொடங்கினேன். அது நீலத் திரையில் மெதுவாகப் போய்க்கொண்டிருந்தது. இதற்குள் பழைய டிஸ்க்கைத் துடைத்து வைப்போம் என்று திரும்பினேன்.

பத்திரிகைத் தாளின்மேல் ஒன்றும் இல்லை.

திருப்புளி மட்டும் இருந்தது. முதலில் டிஸ்க்கை யாரோ எடுத்துவிட்டார்கள் என்றுதான் நினைத்தேன். மேசைக்குக் கீழே பார்த்தேன். பிறகு கொம்பியூட்டரின் திறந்த பக்கத்துக்குள் பார்த்தேன். மேல்தட்டில் அது பூட்டியபடியே இருந்தது. பட்டி வயர் அதில் குத்தியபடியே இருந்தது. சின்ன விளக்கு மினுங்கிக்கொண்டிருந்தது.

மின்வயரைச் சுவரிலிருந்து பிடுங்கினேன். அப்போதுதான் திரையில் பார்த்தது ஒவ்வொன்றாகக் கண்ணுக்கு வந்தது. ஒரு டிஸ்க் மட்டும் இருந்தால் நான்கு வரிதான் வரும். இரண்டு இருந்தால் ஐந்தாவதாக ஒரு வரி சேரும், எந்த டிஸ்க் என்று தெரிந்தெடுக்க. தெரிந்தெடுக்காவிட்டால் முதல் டிஸ்க்கையே, மேல்தட்டில் இருப்பதையே, எடுத்துக்கொள்ளும். அன்று ஐந்து வரி வந்தது. நான் பார்த்தேன். பார்த்தது உண்மை. அது எனக்குள் போகவில்லை.

நானாவைக் கூப்பிட்டேன். அவர் பலகையைத் தாண்டி வந்து என் முகத்தைப் பார்த்தார்.

"பழசத்தான் அழிச்சிட்டேங்க நானா."

"எந்தப் பழச?"

"அந்த ஐயாவோடது."

அவர் கொம்பியூட்டருக்குள் குனிந்து பார்த்தார். "நிச்சயமா? அழிக்கக்கொள என்ன பேர் கேட்டிச்சி?"

நான் ஒன்பது எழுத்துகளையும் வரிசையாகச் சொன்னேன். ஒவ்வொன்றாகப் பார்த்து அடித்ததால் ஒன்றும் மறக்கவில்லை. நான் சொல்லச் சொல்ல நானா அதை மனதில் சேர்த்தார். ஏழாவது எழுத்திலேயே, "போதும்," என்றார். "யா அல்லாஹ். அது அந்த மகன்ட பேர் தம்பி. பில்லுப் புத்தகத்தில ஐயா எழுதிட்டுப் போனது."

அடுத்த இரண்டு நாளும் நானா வேறு வேலை எடுக்கவில்லை. அழிந்ததைத் தேடி எடுக்கும் ஒரு சீடியைக் கொழும்பில் இருக்கும் ஒரு கூட்டாளியிடமிருந்து பஸ்ஸில் வரவழைத்தார். இரவும் பகலும் அதை ஓடவிட்டோம். வந்தவை எல்லாம் பெயரில்லாமல் இலக்கங்களாக வந்தன. முப்பது படங்கள் அளவில் கிடைத்தன. சிலது முழுதாக, சிலது பாதியாக. ஒன்றில் நெற்றியும் கண்களும் மட்டும் இருந்தன, அதற்குக் கீழே சாம்பல் நிறம். ஒலி என்று ஒன்றே ஒன்று வந்தது. நானா ஸ்பீக்கரைத் திருகினார். நான் காதைக் கிட்ட வைத்தேன். சிஸ்டம் திறக்கும்போது வரும் இசை. நான் ஏற்றிய சிஸ்டத்தின் இசை. குரல் இருந்த இடத்தின்மேல் அதுதான் போய் உட்கார்ந்திருந்தது.

"ஐயாக்கிட்ட, டிஸ்க் வரக்கொளயே பழுதுண்டு செல்லுவோம்," என்றார் நானா.

நான் அவரை நிமிர்ந்து பார்த்தேன்.

"பொய்தான். எனக்கும் தெரியும். ஆனா பாருங்க, சாமான் தானாச் செத்துப்போச்சிண்டு நெனக்கிறது லேசு. ஒரு மனிசன் அழிச்சிட்டாண்டு நெனக்கிறது பாரம். அந்த ஐயாக்கு ஈக்கிற பாரம் போதும்."

அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. இன்றைக்கும் அப்படித்தான் நினைக்கிறேன். எனக்கும் அது வசதியாக இருந்தது.

ஐயா வந்தபோது நான் பலகைக்குப் பின்னால் இருந்தேன். நானா மெதுவாகச் சொன்னார். டிஸ்க் உள்ளே தேய்ந்திருந்தது, படங்கள் கொஞ்சம் எடுத்தோம், குரலை எடுக்க முடியவில்லை என்றார். கீழே புடவைக்கடையில் யாரோ துணி கிழிக்கும் சத்தம் மட்டும் கேட்டது.

பிறகு ஐயா பேசினார். "நான் அவவுக்குச் சொன்னனான். ஒவ்வொரு நாளும் போட்டுப் போட்டுக் கேக்காதையும், தேய்ஞ்சு போகும் எண்டு. கேட்டாத்தானே. ஒரு நாளைக்கு ரெண்டு தரம், மூண்டு தரம். இப்ப போச்சு."

"அப்பிடி இல்ல ஐயா, கேட்டதால..." என்று நானா தொடங்கினார், முடிக்கவில்லை. முடித்தால் வேறு காரணம் சொல்லவேண்டும்.

"சரி. நீங்கள் செய்யக்கூடியதைச் செய்தியள். அந்தப் பழைய டிஸ்க்கைத் தாங்கோ, கொண்டுபோறன்."

நானா அதைப் பத்திரிகையில் சுற்றிக் கொடுத்தார். படியில் அவர் இறங்கும் சத்தம் கேட்டது. ஒவ்வொரு படியிலும் நின்று நின்று இறங்கினார்.

நான் யோசித்தது இதுதான். அவர் வீட்டுக்குப் போய் அந்த அம்மாவிடம், நீர் கேட்டுக் கேட்டுத்தான் தேய்ந்தது என்று சொல்வார். ஏசிச் சொல்லமாட்டார், மெதுவாகத்தான் சொல்வார். அந்த அம்மா அதை நம்புவார். மகன் குரலைத் தானே கேட்டு முடித்துவிட்டதாக மிச்ச நாள் முழுதும் நினைத்துக்கொண்டிருப்பார். நான் செய்தது அவர் தலையில்.

சனி ராத்திரி என் மனைவியிடம் சொன்னேன். "போயிட்டு வாங்க," என்றாள். "போயி என்னா பேசுவீங்க நீங்க? ரெண்டு வார்த்தய எழுதிக் கொண்டு போங்க." கேலியாகச் சொன்னாள், ஆனால் கண் கேலியாக இல்லை.

ஞாயிற்றுக்கிழமை நானாவிடம் சொல்லாமல் கடுகஸ்தோட்டை பஸ்ஸில் ஏறினேன். பில்லுப் புத்தகத்திலிருந்த முகவரியைத் தாளில் பார்த்து எழுதி வைத்திருந்தேன். தாளை இரண்டு பேரிடம் காட்டி வீட்டைக் கண்டுபிடித்தேன். அந்த அம்மாதான் கதவைத் திறந்தார். கடையிலிருந்து வருகிறேன் என்று சொன்னதும், "உள்ள வாங்கோ தம்பி, இருங்கோ," என்றார். ஐயா இடுப்பில் கட்டிய சாறத்தோடு வந்து என்னைப் பார்த்தார், யார் என்று தெரியவில்லை. கடையில் என் முகத்தை அவர் பார்த்ததே இல்லை.

மூலையில் கொம்பியூட்டர் துணி போட்டு மூடியிருந்தது. அலுமாரித் தட்டில் அந்தப் பழைய டிஸ்க், பத்திரிகையைப் பிரிக்காமல் வைத்திருந்தது.

"தேத்தண்ணி குடியுங்கோ தம்பி. சீனி போடலாமோ?"

"வேணாங்கம்மா."

"சீனியோ, தேத்தண்ணியோ?"

வழியெல்லாம் சொல்லிப் பார்த்த வார்த்தைகளில் ஒன்றும் வாயில் இல்லை. எழுந்து நின்றேன். நின்றால்தான் வரும்போல இருந்தது.

"டிஸ்க்கு தேயலீங்க. நல்லாத்தான் இருந்துச்சு. நான்தான் அழிச்சேன்."

ஐயா, "என்ன?" என்றார்.

நடந்ததைச் சொன்னேன். பத்திரிகைத் தாள் விரித்தது, பொலிஸ் வந்தது, திரும்பி வந்து கழற்றாமலே தொடங்கியது. பெயர் கேட்டது, நான் பார்த்து அடித்தது. வாசிக்கத் தெரியாமல் அடித்தது. அந்த ஐந்தாவது வரியையும் சொன்னேன். அது அவர்களுக்கு விளங்கியிருக்காது, ஆனாலும் சொல்லவேண்டும்போல இருந்தது. என் வாழ்க்கையில் ஒரே தடவையில் அவ்வளவு பேசியது அன்றுதான்.

"அப்ப ஏன் அண்டைக்குச் சொல்லேல்லை?" ஐயாவின் குரல் உயர்ந்தது. "நான் அங்க நிண்டனான். நீர் உள்ளுக்க இருந்தனீர்தானே?"

"இருந்தேங்க."

"கேட்டுக்கொண்டு இருந்தனீர்?"

"ஆமாங்க. பயமா இருந்துச்சுங்க."

"பயமோ? உமக்கு என்ன பயம்? நான் உம்மை என்ன செய்யப் போறன்? பொலிசில குடுப்பனோ? எங்களுக்கு அந்தப் பொலிசு..." அவர் நிறுத்திவிட்டார். கை நடுங்கியது. அந்த நடுக்கத்தை நான் அடையாளம் கண்டேன்.

"விடுங்கோவன்," என்றார் அம்மா. பிறகு என்னைப் பார்த்துக் கேட்டார். "அப்ப நான் கேட்டதால இல்லையோ?"

"இல்லீங்கம்மா. ஆயிரம் தரம் கேட்டாலும் அது தேயாதுங்க."

அவர் ஐயாவைத் திரும்பிப் பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இருந்ததா என்று எனக்குத் தெரியவில்லை. ஐயா தரையைப் பார்த்தார். அம்மா என்னை ஏசவில்லை. மன்னித்ததாகவும் சொல்லவில்லை. கொம்பியூட்டருக்கு முன்னால் இருந்த கதிரையில் போய் உட்கார்ந்தார். துணியை எடுக்கவில்லை. மடியில் இரண்டு கையையும் வைத்துக்கொண்டு சொல்லத் தொடங்கினார்.

"குட் மோர்னிங் சேர்..."

அதற்குப் பிறகு வந்தவை எனக்குத் தெரியாத சொற்கள். அவருக்கும் தெரியாதவைதான். ஆனால் அவர் அவற்றை ஒரு சொல்லும் விடாமல் சொன்னார், மகன் எப்படிச் சொன்னானோ அப்படியே. தடுக்கிய இடத்தில் தடுக்கினார். சொல்லைத் திரும்பச் சொன்ன இடத்தில் திரும்பச் சொன்னார். பிரிட்ஜ் என்று அடிக்கடி வந்தது. அது பாலம் என்று எனக்குத் தெரியும். ஓரிடத்தில் நிறுத்தி, "இதில சிரிப்பான்," என்று எனக்குச் சொல்லிவிட்டுத் தொடர்ந்தார். நான் கொப்பியைப் பார்த்துக் கட்டளைகளை மனப்பாடம் செய்ததுபோலத்தான் அவரும் செய்திருந்தார், கொப்பியும் இல்லாமல்.

"இதில இருமுவான்," என்றார். "இருமிப் போட்டு..."

நின்றார். உதடு அசைந்தது. சொல் வரவில்லை.

"இருமிப் போட்டு என்ன சொல்லுவான்?" என்று ஐயாவிடம் கேட்டார். "உங்களுக்கு இங்கிலிசு தெரியும்தானே. அதுக்குப் பிறகு என்ன வரும்? இன்னும் கனக்க இருக்குது. பாதிதான் சொன்னனான்."

ஐயா கதவோரம் நின்றுகொண்டிருந்தார்.

"எனக்குத் தெரியாது," என்றார்.

"ஒவ்வொரு நாளும் போட்டனான். வீடெல்லாம் கேக்கும்."

"நான் ஒரு நாளும் முழுசாக் கேக்கேல்லையப்பா. நீர் அதைப் போட்டா நான் வெளியில போயிடுவன். ரோட்டடியில நிண்டுபோட்டு வருவன். எனக்கு அது விளங்கும். விளங்கிறதால என்னால இருந்து கேக்க ஏலாது."

அம்மா அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு திரும்பி மறுபடியும் முதலிலிருந்து தொடங்கினார். குட் மோர்னிங் சேர். தடுக்கினார், சிரிக்கும் இடத்தில் நிறுத்தினார், இருமும் இடம் வரை வந்தார். அதே இடத்தில் நின்றார். நான் போவதா, நிற்பதா என்று தெரியாமல் நின்றேன். வெளியே யாரோ வீதியில் மீன் கூவி விற்றுக்கொண்டு போனார்கள்.

மூன்றாம் தரம் அவர் தொடங்கியபோது ஐயா ஒரு கதிரையை இழுத்துக்கொண்டு வந்து, அவருக்குப் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தார்.